பொண்ணு காமெடி எழுதணும்கிறா, பெரியப்பா சிஎஸ்இ-ங்கிறாரு

அம்மா, பொண்ணு டிவிக்கு காமெடி எழுதணும்கிறா, பெரியப்பா சிஎஸ்இ-ல, அதாவது கம்ப்யூட்டர் இன்ஜினியரிங்ல, சேர்க்கச் சொல்றாருன்னு நீங்க அனுப்புன மெசேஜ் முழுசா படிச்சேன். பயம் புரியுது, ஆனா ஆறுதல் சொல்ற வேலைய இதோட நிறுத்திக்கறேன். பிளஸ் டூல கணக்குல தட்டுத்தடுமாறி பாஸான பொண்ணுக்கு, நகைய அடகு வச்சு மேனேஜ்மென்ட் கோட்டால சிஎஸ்இ வாங்குறது தப்பு. பெரியப்பா வருத்தப்படுவாருன்னா படட்டும், வட்டி கட்டப்போறது அவரு இல்லையே.

"கிரேசி மோகனே இன்ஜினியர்தானே"ன்னு அவர் கேக்கறாராம். ஆமா, கிண்டி இன்ஜினியரிங் காலேஜ்ல மெக்கானிக்கல் படிச்சவர்தான். ஆனா அங்க படிக்கும்போதே நாடகம் எழுதினவரு, அப்புறம் வேலைய விட்டுட்டு முழுசா எழுத்துக்கே வந்துட்டாரு. அதையும் சேர்த்து சொல்லச் சொல்லுங்க.

டிவி காமெடின்னாலே மூஞ்சி காட்டுறதுன்னு நினைக்கிறோம். லொள்ளு சபான்னா சந்தானம் ஞாபகம் வருவாரு, ஆனா அதே ஷோல இருந்த சுவாமிநாதனும் மனோகரும் அதுக்கப்புறம் சினிமால சின்ன சின்ன ரோல்லதான் வந்தாங்க, எழுதி இயக்குன ராம்பாலா 2016-ல தில்லுக்கு துட்டு எடுக்கற வரைக்கும் எத்தனை பேருக்கு அவர் பேர் தெரியும்? ஒரு ஸ்கிட்டுனா முதல்ல நாலஞ்சு பேர் உக்காந்து ஐடியா பேசுவாங்க, ஒருத்தர் எழுதுவாரு, ரிகர்சல்ல பாதி போயிடும், நடிகர் வாய்க்கு வராத டயலாக்க மாத்தணும், கவுன்ட்டர், அதாவது பதிலடி ஜோக், லேட்டா விழுந்தா முன்னாடி வரிய வெட்டணும், அதுவும் மறுநாள் ஷூட்டுக்குள்ள. உங்க பொண்ணு நோட்டோட போட்டோ அனுப்பியிருந்தீங்களே, ஒரே ஜோக்க மூணு விதமா எழுதி ரெண்ட அடிச்சுட்டு, ஓரத்துல "இங்க யாரும் சிரிக்கல"ன்னு குறிச்சு வச்சிருக்கா. ஸ்கிட் எழுதற ரூம்ல உக்கார்றவங்களுக்கு வேண்டிய புத்தியே அதுதான்! நடிப்பு அப்புறம் வந்தா வரட்டும்.

படிப்புக்கு, தரமணி எம்ஜிஆர் அரசு திரைப்பட நிறுவனத்துல டைரக்‌ஷன்-திரைக்கதைக்கு நாலு வருஷ டிகிரி இருக்கு, பிளஸ் டூ போதும், சீட்டுதான் கம்மி. கிடைக்கலன்னா அரசு காலேஜ்ல பி.ஏ. தமிழ், சிரிக்காதீங்க, வசனம் எழுதறவளுக்கு அது நல்ல படிப்பு, எழுத்து வேலை அமையலன்னா டீச்சர் வேலைக்கும் வழி இருக்கு. டிகிரி முடிச்சிட்டு புனேல இருக்கற மத்திய அரசு திரைப்படக் கல்லூரி எஃப்டிஐஐ-க்கு நுழைவுத்தேர்வு எழுதலாம், அங்க திரைக்கதைக்குன்னே தனி படிப்பு இருக்கு.

லட்சக்கணக்குல வாங்குற ஆக்டிங் ஸ்கூல் வேண்டவே வேண்டாம். ஆடிஷனுக்கு, சங்க கார்டுக்குன்னு யாராச்சும் பணம் கேட்டா எழுந்து வந்துடுங்க. வருமானம் ஆரம்பத்துல ஒழுங்கா வராது, ஷோ நின்னா சம்பளமும் நிக்கும், அதனால டிகிரி முடியாம வேலை தேடி சென்னைல ரூம் எடுக்க விடாதீங்க. முதல் வேலை கிடைச்சதும் காசு எபிசோடுக்கா மாசத்துக்கா, டைட்டில்ல பேர் வருமான்னு எழுத்துல வாங்கச் சொல்லுங்க, கேக்க கூச்சப்பட்டா நீங்களே கூடப் போய் கேளுங்க.