கடை போன கதையும் ராணுவமும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

எங்கள் அப்பத்தா 1964இல் ரங்கூனிலிருந்து கப்பலேறி வந்தவர். ஊரின் செழிப்பையும் கடை போன கதையையும் பலமுறை சொல்லியிருக்கிறார். ஆனால் ராணுவ ஆட்சி என்று ஒருநாளும் சொன்னதில்லை. பர்மாவின் ராணுவ ஆட்சியாளர் நே வின் பெயர்கூட அவர் வாயில் வந்ததில்லை. சர்வாதிகாரத்தின் கீழ் வாழ்ந்தவர்கள் அதை மறந்துவிடுவார்களா, மறைக்கிறார்களா?

ரா.

அன்புள்ள ரா.,

இரண்டும் இல்லை என்றே நினைக்கிறேன். 1962 மார்ச் 2 அன்று நே வின் ஆட்சியைப் பிடித்தார். அவ்வாண்டு ஜூலை 8 அன்று ரங்கூன் பல்கலைக்கழக மாணவர் சங்கக் கட்டடத்தை ராணுவம் வெடிவைத்துத் தகர்த்தது, பர்மிய மாணவர்களின் வீடுகளில் ஆறாத காயமாக நின்றது. நம்மவர் வீடுகள் பலவற்றில் அது செய்தியாகவே கடந்துபோயிருக்கும். அவர்கள் வாசலுக்கு அந்த ஆட்சி வந்து சேர்ந்தது 1964இல்தான். மார்ச்சில் ரங்கூன் கடைகள் அரசுடைமையாக்கப்பட்டன. மே 17 அன்று ஐம்பது, நூறு கியாட் நோட்டுகள் செல்லாதவை ஆயின. கடை போன கதையைச் சொல்லும்போதெல்லாம் உங்கள் அப்பத்தா ராணுவ ஆட்சியைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

நான் ஐயத்தோடு கேட்பது அந்தச் செழிப்பைப் பற்றிய பேச்சைத்தான். 1930களின் பொருளாதார மந்தத்தில் கடனைத் திருப்ப முடியாத பர்மிய விவசாயிகளின் நிலம் செட்டியார் வட்டிக்கடைகளின் கைக்குப் போனது. கீழ் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் ஏறத்தாழ கால் பங்கு நிலம் அவ்வாறு சேர்ந்தது. அந்தக் கசப்பு நே வின்னுக்கு வசதியாக இருந்தது. விலை கொடுத்தவர்களிலோ நிலமே வைத்திராத சிறுகடைக்காரர்களும் கூலித்தொழிலாளர்களும் ஏராளம். குடும்பக் கதைகளில் இந்த முன்கதை பெரும்பாலும் விடுபட்டுப்போகிறது.

பர்மியர்களும் தப்பவில்லை. 1987 செப்டம்பரில் இருபத்தைந்து, முப்பத்தைந்து, எழுபத்தைந்து கியாட் நோட்டுகள் இழப்பீடே இல்லாமல் செல்லாதவையாக்கப்பட, மாணவர்கள் சேமித்த கல்விப் பணம் ஒரே நாளில் வெறும் தாளானது. மறு ஆண்டு நாடே தெருவில் இறங்கியது.

எனவே அப்பத்தாவிடம் நே வின்னைப் பற்றிக் கேட்க வேண்டாம். கடைச் சாவியை வாங்கிக்கொண்டது யார், பெட்டியில் இருந்த நூறு கியாட் நோட்டுகள் என்ன ஆயின, துறைமுகச் சோதனையில் எந்த நகையைக் கழற்றச் சொன்னார்கள் என்று கேளுங்கள். அவர் சொல்வதை அவர் சொல்லும் வரிசையிலேயே எழுதிவையுங்கள். முடிந்தால் எனக்கும் அனுப்புங்கள்.