மாதம் 500 வெள்ளி கொடு, இல்லையென்றால் பிள்ளையை எடுத்துக்கொள்வேன் என்கிறார்

கேள்வி: அக்கா, நான் பாகாவ் பக்கம் ஒரு தோட்டப் பட்டணத்தில் இருக்கிறேன். எனக்கு 32 வயது, மகளுக்கு 6. வீட்டுக்காரர் விட்டுவிட்டுப் போய் மூன்று வருடமாகிறது, ஒரு காசு தந்ததில்லை. செம்பனையில் உதிரிப் பழம் பொறுக்கினேன். கொந்திராக்கு (ஒப்பந்த) சம்பளம், அம்மாவின் மருந்துக்கே போய்விடும். ஒரு வருடமாக வாரத்தில் இரண்டு நாள் சிரம்பானுக்குப் போய் அந்தத் தொழில் செய்கிறேன். யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை. போன மாதம் ஹோட்டலில் போலீஸ் பிடித்து, ஒரு இரவு வைத்திருந்து, வாக்குமூலம் வாங்கிக்கொண்டு அனுப்பினார்கள். அப்போது யாரோ எடுத்த படம் எங்கள் தாமான் (குடியிருப்பு) வாட்சாப் குழுவில் சுற்றுகிறது. அதைப் பார்த்துவிட்டு வீட்டுக்காரர் மாதம் 500 வெள்ளி கேட்டு மிரட்டுகிறார். பெண்கள் சங்கத்து அக்கா ஒருவர், "யாரோ உன்னை ஏமாற்றி இதில் தள்ளினார்கள் என்று போலீசில் சொல்லிவிடு, தப்பித்துக்கொள்வாய்" என்கிறார். என்ன செய்வது?

பதில்: தங்கச்சி, முதலில் அந்த 500 வெள்ளியைக் கொடுக்காதீர்கள். ஒரு தடவை கொடுத்தால் அடுத்த மாதம் 800 ஆகும். பயமுறுத்திப் பணம் பறிப்பது மலேசியக் குற்றவியல் சட்டம் 384-ஆம் பிரிவில் வரும் குற்றம், அதற்குப் பத்து ஆண்டு வரை சிறை உண்டு. பணம் கைமாறும் முன்னரே, பறிப்பதற்காகப் பயமுறுத்துவதும் 385-ஆம் பிரிவில் குற்றம்தான். அது மட்டுமல்ல, இன்னொருவர் விபசாரத்தில் சம்பாதிக்கும் பணத்தில் தெரிந்தே பிழைப்பவருக்கு 372ஏ பிரிவு 15 ஆண்டு வரை சிறையும் பிரம்படியும் வைத்திருக்கிறது. பணம் எங்கிருந்து வருகிறது என்று தெரிந்துதானே மாதாமாதம் பங்கு கேட்கிறார்? அவர் அனுப்பிய செய்திகள், குரல் பதிவுகள் எதையும் அழிக்காதீர்கள்.

ஆனால் இதே பிரிவில் ஒரு சிக்கல் இருக்கிறது, அதையும் சொல்லிவிடுகிறேன். தரகனைப் பிடிக்கத்தான் இந்தச் சட்டம், ஆனால் அதன் வாசகம் விரிவானது, உங்கள் சம்பாத்தியத்தில் மருந்து வாங்கும் அம்மாவை நோக்கியும் யாராவது அதைத் திருப்பப் பார்க்கலாம். அதனால் வக்கீல் இல்லாமல் நேராகப் போய்ப் புகார் எழுதிக்கொடுக்க வேண்டாம்.

உங்கள் நிலை என்ன என்று பார்ப்போம். மலேசியாவில் பணத்துக்கு உறவு கொள்வது என்ற ஒன்றையே குற்றம் என்று குற்றவியல் சட்டம் சொல்லவில்லை. முஸ்லிம்களுக்கு மாநில ஷரியா சட்டம் தனி, அது உங்களுக்குப் பொருந்தாது. உங்களைத் தொடக்கூடியது 372பி பிரிவு, அதாவது விபசாரத்துக்காக ஆள் அழைப்பது, எந்த இடத்தில் அழைத்தாலும். ஓராண்டு வரை சிறை அல்லது அபராதம், இரண்டும் கூட விதிக்கலாம். நீங்கள் அழைத்தீர்கள் என்பதை அரசுத் தரப்புதான் நிரூபிக்க வேண்டும். அறையில் இருந்ததும் பையில் ஆணுறை இருந்ததும் மட்டுமே அந்தக் குற்றம் ஆகிவிடாது. இன்னொன்று, தோழியோடு சேர்ந்து ஒரே அறை எடுக்கும் எண்ணம் இருந்தால் விட்டுவிடுங்கள். இரண்டு பேர் இந்தத் தொழிலுக்குப் பயன்படுத்தினாலே, அதுவும் வெவ்வேறு நேரத்தில் பயன்படுத்தினாலும், அந்த இடத்தை விபசார விடுதி என்கிறது 373-ஆம் பிரிவு, அதற்குத் தண்டனை மிகக் கடுமை. பாதுகாப்புக்காகத் துணையோடு இருக்கிற பெண்ணைத் தனியாக இருக்கிறவளைவிடப் பெரிய குற்றத்தில் கொண்டுபோய் நிறுத்துகிற இந்த விதியைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும்.

அன்று இரவு உங்களை அனுப்பும்போது ஜாமீன் தாள் கொடுத்தார்களா? அதில் தேதி இருந்தால் கட்டாயம் போங்கள். இனி ஒருமுறை பிடித்தால், எதற்குப் பிடிக்கிறார்கள் என்று கேட்கவும், வீட்டுக்கும் வக்கீலுக்கும் போன் பண்ணவும் உங்களுக்கு உரிமை உண்டு. உங்களைக் குற்றத்தில் மாட்டவைக்கும் கேள்விக்குப் பதில் சொல்ல மறுக்கலாம். 24 மணி நேரத்துக்கு மேல் வைக்க வேண்டுமென்றால் மாஜிஸ்திரேட்டிடம் கொண்டுபோகத்தான் வேண்டும். அந்த நேரத்தில் தேசிய சட்ட உதவி அறவாரியத்தின் வக்கீல் வேண்டும் என்று கேளுங்கள். மலாயில் யாயாசான் பந்துவான் குவாமான் கெபாங்சாஆன் என்பார்கள். வசதி இல்லாத குடிமக்களுக்கு இலவசம்.

இப்போது பிள்ளை விஷயம். உங்கள் கடிதத்தில் உண்மையான பயம் அதுதான் என்று தெரிகிறது. இந்து முறைத் திருமணம் பதிவாகியிருந்தால் 1976-ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சட்டம் பொருந்தும். அதன் 88-ஆம் பிரிவுப்படி பிள்ளையின் நலனே எல்லாவற்றுக்கும் மேல், ஏழு வயதுக்குக் கீழே உள்ள பிள்ளை தாயோடு இருப்பதே நல்லது என்றுதான் நீதிமன்றம் ஆரம்பிக்கும். அதை அவர் உடைக்கப் பார்க்கலாம். உங்கள் தொழிலைக் கோர்ட்டில் இழுப்பார், அது நடக்காது என்று நான் பொய் சொல்லப் போவதில்லை. ஆனால் நீதிபதி பார்க்க வேண்டியது, அதனால் பிள்ளைக்கு என்ன பாதிப்பு என்பதை. நீங்கள் சிரம்பான் போகும் இரவுகளில் அவள் யாரோடு தூங்குகிறாள், பாலர் பள்ளிக்கு ஒழுங்காகப் போகிறாளா, காய்ச்சல் வந்தால் கிளினிக்குக்கு யார் தூக்கிக்கொண்டு ஓடுவது? மூன்று வருடம் எட்டிப் பார்க்காத அப்பாவிடம் இதில் எதற்கும் பதில் இருக்காது. மகளுக்கு வயது ஆறு என்பதால் காலம் தாழ்த்த வேண்டாம், அவர் போகும் முன் நீங்களே உயர் நீதிமன்றத்தில் பராமரிப்பு உரிமையும் ஜீவனாம்சமும் கேட்டு மனுப் போடுங்கள். கோயிலில் தாலி கட்டியதோடு சரி, ஜேபிஎன் என்கிற பதிவுத் துறையில் பதியவில்லை என்றால் வக்கீலிடம் முதல் வேலையாக அதைச் சொல்லுங்கள், வழக்கே வேறு மாதிரி போகும், பெரும்பாலும் தாய்க்குச் சாதகமாக.

வாட்சாப் படத்துக்கு, குழுவின் பெயர், அனுப்பியவரின் எண், தேதி தெரிகிற மாதிரி ஸ்கிரீன்ஷாட் எடுத்துவையுங்கள். பெண்ணின் மானத்தை அவமதிப்பதற்குக் குற்றவியல் சட்டத்தின் 509-ஆம் பிரிவும், தொடர்பு, பல்லூடகச் சட்டத்தின் 233-ஆம் பிரிவும் இருக்கின்றன. பரப்பியவர்தான் பயப்பட வேண்டும்.

அந்தப் பெண்கள் சங்கத்து அக்கா சொன்னதற்கு வருகிறேன். நல்ல மனதோடுதான் சொல்கிறார். வக்கீலான புதிதில் நானும் அப்படித்தான் நினைத்தேன். பெண்ணியத்தில் ஒரு வலுவான தரப்பு, அமெரிக்கச் சட்டப் பேராசிரியை கேத்தரின் மக்கின்னன் போன்றவர்கள், வறுமையும் ஆணாதிக்கமும் தள்ளிவிட்ட இடத்தில் "சம்மதம்" என்ற பேச்சுக்கே பொருள் இல்லை என்கிறது. ஸ்வீடன் 1999-இல் அந்த வழியில் போய், வாங்குகிற ஆணைக் குற்றவாளி ஆக்கியது. இன்னொரு தரப்பு, இது வேலை, வேலை செய்கிறவளுக்கு உரிமை கொடு என்கிறது. நியூசிலாந்து 2003-இல் அதைச் சட்டமாக்கியது. இரண்டு தரப்பும் இத்தனை வருடம் சண்டை போட்டாலும் ஒன்றில் ஒத்துப்போகிறார்கள், அந்தப் பெண்ணைத் தண்டிக்கக் கூடாது என்பதில். நம் 372பி பிரிவோ அவளைத்தான் தண்டிக்கிறது.

இது மேல்நாட்டுச் சண்டை என்று நினைக்க வேண்டாம். சென்னை மாகாணத்தில் தேவதாசி முறையை ஒழிக்க முத்துலட்சுமி ரெட்டி போராடியபோது, எங்களை விபசாரிகள் என்று சொல்லாதீர்கள் என்று பாடகி பெங்களூர் நாகரத்தினம்மாள் எதிர்த்து நின்றார். நாகரத்தினம்மாள் தேவதாசிச் சமூகத்துப் பெண், முத்துலட்சுமியின் தாயும் அதே சமூகம்தான். சட்டம் 1947-இல் வந்தது. யார் சொன்னது சரி என்று இன்னும் பேசுகிறார்கள். ஆனால் இரண்டு பேரும் தங்களுக்குத் தெரிந்த உண்மையைச் சொன்னார்கள்.

உங்களை யாரும் தள்ளவில்லை என்கிறீர்கள். பிறகு தள்ளினார்கள் என்று போலீசில் சொன்னால் பொய்த் தகவல் கொடுத்த குற்றம் உங்கள் மேல் வரும். 2007-ஆம் ஆண்டு ஆள்கடத்தல் தடுப்புச் சட்டத்தில் பாதிக்கப்பட்டவர் என்று பதிவானால் பாதுகாப்பு இல்லத்தில் வைக்க உத்தரவு வரலாம், அப்போது மகள் யாரிடம் இருப்பாள்? வீட்டுக்காரர் காத்திருப்பது அதற்குத்தானே? ஆனால் ஒன்று, சிரம்பானில் யாராவது உங்கள் ஐசியை (அடையாள அட்டையை) பிடித்து வைத்திருந்தாலோ, ஆலோங் (கந்துவட்டிக்காரர்) கடனைக் காட்டி "இன்று வந்தாக வேண்டும்" என்று மிரட்டியிருந்தாலோ, அது கட்டாயம்தான், அதை மறைக்காமல் வக்கீலிடம் சொல்லுங்கள். அந்தச் சட்டத்தில் நீங்கள் சம்மதித்தீர்கள் என்று சொல்லி அவர்கள் தப்ப முடியாது.

சிரம்பானில் சட்ட உதவித் துறை இருக்கிறது, ஜாபாத்தான் பந்துவான் குவாமான் என்று கேட்டால் சொல்வார்கள், வருமானம் குறைவாக இருந்தால் குடும்ப வழக்குகளை எடுத்துக்கொள்வார்கள். வீட்டுக்காரர் வாசலுக்கு வந்து அடிக்கக் கை ஓங்கினால் 15999-க்கு, தாலியான் காசே என்ற உதவி எண்ணுக்கு, அழையுங்கள். அலுவலகத்துக்குப் போகும்போது ஐசி, மகளின் பிறப்புப் பத்திரம், திருமணப் பத்திரம், அவளுடைய கிளினிக் புத்தகம், மிரட்டல் வந்த போன் எல்லாவற்றையும் எடுத்துப்போங்கள். பாலர் பள்ளி ஆசிரியை ஒரு கடிதம் கொடுத்தால் இன்னும் நல்லது. அந்தப் பெண்கள் சங்கத்து அக்காவையும் கூட்டிப் போங்கள். கோர்ட்டில் இந்தப் பிள்ளையை வளர்த்தது யார் என்று சொல்ல ஒரு சாட்சி வேண்டும், அவருக்கு அது தெரியும்.