பெயிண்ட் வேலையா, படிப்பா? மண்டபத்திலிருந்து கேட்ட தங்கச்சிக்கு

தங்கச்சி, 2022ல் இலங்கை மன்னாரிலிருந்து படகேறி வந்து இன்னும் மண்டபம் அகதி முகாமில்தான் இருக்கிறோம், மகன் பத்தாவது எழுதப்போகிறான் என்று எழுதியிருந்தீர்கள். "கடதாசி ஒன்றும் இல்லாத பிள்ளை இந்த நாட்டில் படித்து என்னத்தைக் கிழிக்கப்போகிறான், பேசாமல் மாமன்மாரோடு பெயிண்ட் வேலைக்கு அனுப்பிவிடட்டா?" என்பது உங்கள் கேள்வி.

அனுப்பாதீர்கள். அதற்காக, படிக்க வைத்தால் எல்லாம் தன்னால் சரியாகிவிடும் என்றும் சொல்ல மாட்டேன். எதைப் படிக்க வைக்கிறோம் என்பதில்தான் இங்கே முழு விஷயமும் இருக்கிறது.

நானும் 1990 சண்டையில் இலங்கையிலிருந்து வந்தவள். அப்போது எட்டு வயது. மண்டபத்தில் பதிந்து மதுரை ஆனையூர் முகாமுக்கு அனுப்பினார்கள். இன்றைக்குத் தெற்கு மாசி வீதிப் பக்கம் ஒரு ஜவுளி மொத்தக் கடையில் கணக்குப் பிரிவு முழுக்க என் பொறுப்பு. கீழே நாலு பேர் வேலை பார்க்கிறார்கள். நாலு பேருக்கும் ஓட்டு இருக்கிறது, எனக்கு இல்லை.

பள்ளிக்கூடத்தில் கடதாசிப் பிரச்சினை, அதாவது குடியுரிமை, பாஸ்போர்ட் மாதிரி ஆவணம் இல்லாத பிரச்சினை, பெரிதாக வராது. ஆனையூரில் எங்களை எல்லாம் உட்காரவைத்துத்தான் பாடம் எடுத்தார்கள். கல்லூரி வேறு. 1991ல் ராஜீவ் காந்தி கொலைக்குப் பிறகு முகாம் பிள்ளைகளுக்குக் கல்லூரிக் கதவு கொஞ்ச காலம் சாத்தியே கிடந்தது. என் பெரியப்பா மகன் பிளஸ் டூவில் நல்ல மார்க். அந்த நேரத்தில்தான் அவன் பிரஷ்ஷைக் கையில் எடுத்தான், இன்னும் வைக்கவில்லை. நான் படிக்கப் போகும்போது கதவு திறந்திருந்தது, அவ்வளவுதான் எனக்கும் அவனுக்கும் வித்தியாசம். இப்போது நிலைமை எவ்வளவோ மேல். 2021ல் தமிழ்நாடு அரசு முகாம் மாணவர்களின் வருட உதவித்தொகையைக் கூட்டியது: பாலிடெக்னிக்குக்கு 10,000, கலை அறிவியலுக்கு 12,000, தொழிற்படிப்புக்கு 20,000 ரூபாய். ஆனால் இதெல்லாம் பதிவு உள்ள முகாம்காரருக்காகப் போட்ட திட்டம். உங்கள் கணக்கில் அதைச் சேர்க்காமலே செலவைப் போட்டுப் பாருங்கள், வந்தால் லாபம்.

கடதாசியைக் கேட்பது வேலை. அதனால் வேலையிலிருந்து பின்னோக்கி வந்து படிப்பைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அரசு வேலைக்குக் குடியுரிமை கேட்பார்கள், அந்தப் பக்கமே பார்க்க வேண்டாம். வக்கீலாகப் பதிய வேண்டுமென்றாலும் வழக்கறிஞர் சட்டம் இந்தியக் குடிமகனாக இருக்கச் சொல்கிறது. மருத்துவம் பற்றிக் கேட்டிருந்தீர்கள். மாநில ஒதுக்கீட்டில் நமக்கு இடம் இல்லை, காசு கட்டிப் படிக்க நம்மிடம் வழியும் இல்லை. கம்ப்யூட்டர் கம்பெனியா? எங்கள் முகாமிலேயே என்ஜினியரிங் முடித்த பிள்ளைகள் இண்டர்வியூவில் எல்லா ரவுண்டும் தாண்டி, கடைசியில் முகவரி விசாரணையிலும் பாஸ்போர்ட் கேட்கிற இடத்திலும் நின்றுபோனார்கள். சின்ன நிறுவனங்களில் சேர்ந்து மேலே போனவர்களும் உண்டு, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் முதலாளியை நேரில் பார்த்து, "இந்தப் பிள்ளையை எனக்குத் தெரியும்" என்று ஒருவர் சொல்லக்கூடிய தொழில்தான் நமக்கு முதல் படி. கணக்கு, வீட்டு வரைபடம் போடுவது, ஏசி மெக்கானிக், டிசைனிங், இப்படி.

நான் பி.காம். முடித்து, கோரிப்பாளையத்தில் டேலி என்ற கணக்கு சாப்ட்வேர் படித்து, சிம்மக்கல்லில் ஒரு ஆடிட்டர் ஆபீஸில் சேர்ந்தேன். சம்பளம் கவரில்தான் வரும். வெளியூர் ஆடிட்டுக்கு மற்றவர்களை அனுப்புவார்கள், என்னை அனுப்ப மாட்டார்கள். முகாமில் செக்கிங் நாள் என்று ஒன்று உண்டு, உங்களுக்கும் சீக்கிரம் பழகிவிடும். வருவாய் ஆய்வாளர் வேப்பமரத்தடியில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்து குடும்ப எண்ணைக் கூப்பிடுவார். வீட்டில் உள்ள அத்தனை பேரும் நேரில் நின்று கையெழுத்துப் போட வேண்டும். ஆள் இல்லை என்றால் அரசு முகாம்காரருக்குத் தரும் பணக்கொடை நிற்கும், பெயரையே வெட்டிவிடுவார்களோ என்ற பயமும் இருக்கும். அந்த நாளில் ஆபீஸில் என்ன தலைபோகிற வேலை என்றாலும் நான் கூடல்நகர் பஸ்ஸில்தான் இருப்பேன். "அவசரமாக வீட்டுக்குப் போகணும்" என்று ஒரே காரணத்தை மாதாமாதம் சொல்ல முடியுமா? ஆடிட்டரிடம் உள்ளதைச் சொன்னேன். அவர் செக்கிங் நாளை என் விடுமுறை நாளாக எழுதிக்கொண்டார். நல்ல மனுஷன்.

2017 ஜூலையில் ஜிஎஸ்டி வந்ததும் மாசி வீதிகளில் இருந்த கடைக்காரர்கள் தவித்துப்போனார்கள். அதுவரை துண்டுச்சீட்டில் வியாபாரம் பார்த்தவர்கள் மாதாமாதம் ரிட்டர்ன் போட வேண்டும் என்றால் என்ன செய்வார்கள்? கணக்கு தெரிந்த ஆளுக்கு அப்படி ஒரு கிராக்கி. "எந்த ஊர், என்ன அட்டை" என்று கேட்க யாருக்கும் நேரமில்லை, "இருபதாம் தேதிக்குள் முடித்துத் தருவியாம்மா" என்றுதான் கேட்டார்கள். இப்போதைய முதலாளி அப்படிப் பிடித்த ஆள்தான். என் திறமை பாதி, அந்த வரி பாதி.

இனி கசப்பான பகுதி. 2003ல் குடியுரிமைச் சட்டத்தைத் திருத்தி, பாஸ்போர்ட் இல்லாமல் உள்ளே வந்தவர் எல்லாரையும் சட்டவிரோதக் குடியேறி என்று வைத்தார்கள். அப்படிப்பட்டவர் எத்தனை வருஷம் இருந்தாலும் குடியுரிமைக்கு விண்ணப்பிக்க முடியாது. இந்தியரைக் கட்டினால் சரியாகிவிடும் என்று உங்கள் பக்கத்து வீட்டு அம்மா சொன்னதாக எழுதியிருந்தீர்கள். என் வீட்டுக்காரர் மேலூர்க்காரர், தலைமுறை தலைமுறையாக அங்கேதான். அப்படியும் எனக்குக் கிடைக்கவில்லை. 2004 டிசம்பருக்குப் பிறகு பிறந்த பிள்ளைக்குப் பெற்றோரில் ஒருவர் இந்தியர், மற்றவர் சட்டவிரோதக் குடியேறி என்றாலும் பிறப்பால் குடியுரிமை இல்லை. எங்கள் மகள் மதுரையில் பிறந்து, மதுரைத் தமிழ் பேசி, அழகர் ஆற்றில் இறங்குவதைத் தோளில் உட்கார்ந்து பார்த்து வளர்ந்தவள். சட்டம் அதையெல்லாம் பார்க்கவில்லை.

மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்கு பாஸ்போர்ட் கொடுக்கச் சொல்லி 2022ல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தீர்ப்புச் சொன்னதை உங்களிடமும் சொல்லியிருப்பார்கள். அவர் 1986ல் பிறந்தவர். 1987 ஜூலைக்கு முன் இந்திய மண்ணில் பிறந்தவர்களுக்குத்தான் அந்த வழி. மத்திய அரசின் 2025 செப்டம்பர் ஆணையும் அப்படித்தான்: 2015 ஜனவரி 9க்கு முன் வந்து பதிந்த நம்மவர்களுக்கு பாஸ்போர்ட், விசா இல்லாத குற்றத்துக்குத் தண்டனை இல்லை. எனக்கு ஒரு பெருமூச்சு விட முடிந்தது. உங்களுக்கு அது பொருந்தாது, யாராவது பொருந்தும் என்று சொல்லிப் பணம் கேட்டால் கொடுக்காதீர்கள்.

ஆனால் உங்கள் மகனிடம் ஒன்று இருக்கிறது. அவன் இலங்கையில் பிறந்தவன், அந்த நாட்டுக் குடிமகன். பிறப்புச் சான்றிதழையும் அங்கத்தைப் பள்ளிக்கூடக் கடதாசிகளையும் பத்திரப்படுத்துங்கள். சென்னையில் இலங்கைத் துணைத் தூதரகம் இருக்கிறது. இங்கே வந்தபின் பிள்ளை பிறந்திருந்தால் அங்கே பதிந்து தூதரகப் பிறப்புச் சான்றிதழ் வாங்கிவிடுங்கள், இல்லாவிட்டால் அந்தப் பிள்ளை இரண்டு நாட்டுக்கும் இல்லாமல் போகும். ஈழ ஏதிலியர் மறுவாழ்வுக் கழகத்தார் இதில் நிறையப் பேருக்கு உதவியிருக்கிறார்கள், கேளுங்கள். பத்தாவது மார்க் சீட்டில் பெயரும் இனிஷியலும் பிறந்த தேதியும் இலங்கைச் சான்றிதழில் உள்ளபடியே வர வேண்டும். பரீட்சைக்குப் பெயர்ப்பட்டியல் தயாரிக்கும்போதே பள்ளிக்கூடத்தில் போய்ப் பாருங்கள். இந்த ஒரு எழுத்துப் பிழைக்காக வருஷக்கணக்கில் அலைபவர்களை எனக்குத் தெரியும்.

ஆஸ்திரேலியாவுக்குப் படகு என்று ஏஜெண்ட் வந்தால் வாசலோடு அனுப்பிவிடுங்கள். 2013லிருந்தே படகில் வருகிறவர்களை அங்கே குடியமர்த்துவதில்லை என்று வைத்திருக்கிறார்கள்.

பெயிண்ட் வேலைக்கு லீவு நாளில் போகட்டும், கைக்காசு வரும், மாமன்மாருக்கும் மனம் குளிரும். பிளஸ் ஒன்னில் எந்த குரூப் என்பதை மட்டும் அவசரப்பட்டு முடிவு செய்யாதீர்கள். அரையாண்டில் கணக்கில் எத்தனை வாங்கினான், வரைவதில் கை வருமா என்று எழுதுங்கள். வணிகவியலா, பாலிடெக்னிக்கில் சிவிலா என்று பார்த்துச் சொல்கிறேன்.