வெலாஸ்கெஸுக்காக இரங்கலாமா?

அன்புள்ள ஐயா,

ஸ்பானியத் தளபதி கோர்டெஸ் மெக்ஸிகோவைப் பிடித்த வரலாற்றை இப்போதுதான் படித்து முடித்தேன். அவரை அனுப்பிவைத்த கியூபா ஆளுநர் டியேகோ வெலாஸ்கெஸுக்குக் கடைசியில் ஒன்றுமே மிஞ்சவில்லை. படிக்கும்போது பாவமாக இருந்தது. அவருக்கு நடந்தது அநியாயம்தானே?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

அவர் ஏமாந்தது உண்மை. 1517லும் 1518லும் அவர் ஏற்பாடு செய்த பயணங்கள்தான் மெக்ஸிகோ கரைக்கு வழி காட்டின. மூன்றாவதற்குக் கோர்டெஸை நியமித்தார்; சந்தேகம் வந்து பொறுப்பைப் பறிக்கப் பார்த்தார். கோர்டெஸ் அதற்குள் கிளம்பிவிட்டார். கரையிறங்கியதும் வேராகுரூஸ் என்று ஒரு நகர சபையை அமைத்து, அதன் பெயரில் நேராக ஸ்பெயின் அரசருக்கே எழுதினார். அவரைப் பிடித்துவர 1520இல் வெலாஸ்கெஸ் அனுப்பிய நர்வாயெஸ் ஒரு கண்ணை இழந்ததுதான் மிச்சம். அவருடைய வீரர்களும் கோர்டெஸ் பக்கம் சேர்ந்துகொண்டார்கள். 1522இல் மெக்ஸிகோவுக்குக் கோர்டெஸே ஆளுநரானார். 1524இல் வெலாஸ்கெஸ் இறந்துபோனார்.

சரி, அவர் மட்டும் கியூபாவுக்கு எப்படி ஆளுநரானார்? 1511இல் அவரை அங்கே அனுப்பியவர் கொலம்பஸின் மகன் டியேகோ கொலம்பஸ். தீவு கைக்கு வந்ததும் வெலாஸ்கெஸ் அவரை ஒதுக்கிவிட்டு நேராக அரசரோடு தொடர்பு வைத்துக்கொண்டார். கோர்டெஸ் பின்னால் செய்ததும் அதேதான்.

அப்புறம், அந்தத் தீவு யாருடையது? பக்கத்துத் தீவான எஸ்பன்யோலாவில் ஸ்பானியர் செய்ததை நேரில் பார்த்துவிட்டு, படகேறி வந்து கியூபா மக்களை எச்சரித்தவர் ஹதுவே; அந்தத் தீவுகளின் பூர்வகுடிகளான தைனோக்களின் தலைவர்களில் ஒருவர். 1512இல் வெலாஸ்கெஸின் ஆட்கள் அவரை உயிரோடு எரித்தார்கள். ஞானஸ்நானம் பெற்றால் சொர்க்கம் போகலாம் என்று ஒரு பாதிரியார் சொன்னபோது, கிறிஸ்தவர்களும் அங்கே இருப்பார்களா என்று கேட்டாராம் ஹதுவே. ஆமாம் என்றதும், தனக்கு அந்த இடம் வேண்டாம் என்றாராம். இதை எழுதிவைத்தவர் லாஸ் காசாஸ். எனக்கு நெஞ்சு கனப்பது இந்த இடத்தில்தான், வெலாஸ்கெஸின் தோல்வியில் இல்லை.

லாஸ் காசாஸும் கியூபாவில் தைனோக்களை வேலை வாங்கிய பாதிரியார்தான். 1514இல் மனம் மாறி, தனக்குக் கொடுத்த ஆட்களை விட்டுவிடப் போவதாக வெலாஸ்கெஸிடமே போய்ச் சொன்னார். ஆளுநருக்கு நம்ப முடியவில்லை. 15 நாள் யோசித்துவிட்டு வாருங்கள் என்றார். அந்த 15 நாளும் கழிந்துவிட்டதாகவே வைத்துக்கொள்ளுங்கள் என்றார் லாஸ் காசாஸ்.