கேள்வி – பதில்

கேள்வி: தணிக்கைத் தடைகளையும் பணத் தட்டுப்பாட்டையும் மீறி ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தன் எப்படி இத்தனை ஆண்டுகள் இயங்கினார்? அவருடைய பாணிதான் என்ன? (வாசகர், தஞ்சாவூர்)

பதில்: 1970களில் பீகார் மாணவர் போராட்டத்தைப் படமாக்கத் தொடங்கியவர் அவர். பெரும்பாலும் தாமே கேமராவைப் பிடித்து, தாமே படத்தொகுப்பும் செய்வதால் செலவு குறைகிறது. யாருக்கும் கணக்குச் சொல்ல வேண்டியதும் இல்லை. தணிக்கைக் குழு வெட்டச் சொன்னால் அவர் வெட்டுவதில்லை, நீதிமன்றத்துக்குப் போகிறார். அணு ஆயுதங்களைப் பற்றிய 'போரும் அமைதியும்' படத்தை வெட்டில்லாமல் திரையிட 2003இல் மும்பை உயர் நீதிமன்றத்தில் அனுமதி கிடைத்தது அப்படித்தான்.

பாணியைப் புரிந்துகொள்ள 'ஜெய் பீம் காம்ரேட்' ஒன்றே போதும். 1997 ஜூலையில் மும்பை ரமாபாய் நகரில் காவல்துறை சுட்டதில் தலித் மக்கள் 10 பேர் இறந்தனர். அதைத் தாங்காமல், பட்வர்தனின் 1985ஆம் ஆண்டுப் படத்தில் பாடியிருந்த கவிஞர் விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். அந்த இழப்பிலிருந்து தொடங்கிய படம் 14 ஆண்டுகளுக்குப் பிறகே, 2011இல், முடிந்தது. விளக்கவுரையைக் காட்டிலும் தலித் பாடகர்களின் பாடல்களே அதில் வரலாற்றைச் சொல்கின்றன. கேமராவுக்குப் பின்னிருந்து அவர் கேட்கும் கேள்விகள் மிக எளியவை; எதிர்த்தரப்பினரையும் இடைமறிக்காமல் பேசவிடுவதால், அவர்களே தம்மை வெளிக்காட்டிக்கொள்கிறார்கள். இவர் நடுநிலையாளர் அல்லர் என்னும் குறை உண்மைதான். ஆனால், அவர் அப்படிச் சொல்லிக்கொண்டதும் இல்லையே!