உப்பு போடுறதுக்கு முன்னாடி ஒரு கை எடுத்து வைங்க: குட்டிப் பிள்ளைகளோட கைச்சாப்பாடு பத்தி உங்க கேள்விகள்

ஒரு மாசமா சேர்ந்து கிடந்த கேள்விகளுக்கு இன்னைக்குத்தான் உட்கார்ந்து பதில் எழுத முடிஞ்சது. பாதிக்கு மேல ராமேஸ்வரம் தீவு, மண்டபம், கீழக்கரை, தொண்டி பக்கத்து அம்மாக்கள்தான் கேட்டிருக்கீங்க. நானும் பாம்பன் பக்கம் பொறந்து வளர்ந்தவ, இப்ப பிள்ளைகளுக்கான டயட்டீசியனா இருக்கேன், அதனால நம்ம வீட்டு அடுப்படியில என்ன இருக்கோ அத வச்சேதான் சொல்றேன்.

அக்கா, பையனுக்கு 6 மாசம் முடிஞ்சு 5 நாள் ஆச்சு. கையில குடுக்கலாமான்னு கேட்டா மாமியார் பல்லே வரல அதுக்குள்ளயா, மிக்ஸியில அடிச்சு ஊட்டுன்னு சொல்றாங்க. என்ன செய்ய? (பாம்பன்)

பல்லுக்காக காத்திருக்க வேணாம் தங்கச்சி. பிள்ளைங்க ஈறு நல்ல கெட்டி, உங்க விரல ஒரு தடவ கடிக்க விட்டுப் பாருங்க தெரியும். பாக்க வேண்டியது வேற. 180 நாள் முடிஞ்சிருக்கணும், லேசா பிடிச்சுக்கிட்டா நிமிர்ந்து உட்காரணும், தலை ஆடாம நிக்கணும், வாயில வச்சத நாக்கால வெளிய தள்ளாம இருக்கணும், நீங்க சாப்பிடும்போது உங்க தட்டுக்கு கை நீட்டணும். இதெல்லாம் இருந்தா ஆரம்பிக்கலாம். மாமியார் சொல்ற மசிச்ச சாப்பாடும் தப்பில்ல, அதையும் ஊட்டுங்க, கூடவே கையில ஒரு துண்டும் குடுங்க, ரெண்டும் சேர்ந்தே போகலாம். ஆனா மிக்ஸியில கூழாக்குறத மட்டும் சீக்கிரம் விட்டுட்டு கையால மசிக்கப் பழகுங்க, ஏன்னா ரொம்ப நாள் கூழாவே சாப்பிட்ட பிள்ளை 10 மாசத்துல ஒரு பருக்கை தட்டுனாலே துப்பும்.

முதல் துண்டுக்கு பரங்கிக்காயோ சக்கரவள்ளிக்கிழங்கோ எடுத்துக்கங்க. இட்லி பானையில நல்லா அவிச்சு, உங்க ஆள்காட்டி விரல் நீளத்துக்கும் தடிமனுக்கும் வெட்டிக் குடுங்க. இந்த வயசுப் பிள்ளை முழு உள்ளங்கையாலதான் பிடிக்கும், சின்னத் துண்டா இருந்தா கைக்குள்ளயே மறைஞ்சிரும், நீளமா இருந்தாதான் முஷ்டிக்கு மேல நீட்டிக்கிட்டு நிக்குற பாகத்த சப்ப முடியும். 9 மாசம் பக்கம் கட்டை விரலும் ஆள்காட்டி விரலும் சேர்த்து பொறுக்க ஆரம்பிக்கும்ல, அப்ப பட்டாணி அளவுக்கு சின்னதா மாத்திக்கலாம். பதம் சரியான்னு பாக்க ஒரே வழிதான், ரெண்டு விரலுக்கு நடுவுல வச்சு அமுக்குனா சட்டுனு நசுங்கணும், நசுங்கலன்னா திரும்ப பானையில வைங்க.

அளவு பத்திக் கவலப்படாதீங்க, முதல்ல ரெண்டு மூணு ஸ்பூன் உள்ள போனாலே போதும், 6 லருந்து 8 மாசம் வரைக்கும் ஒரு நாளைக்கு 2 - 3 வேளை, அதுக்கப்புறம் 3 - 4 வேளை. தாய்ப்பால் எப்பவும் போல கேக்கும்போதெல்லாம், 2 வயசு வரைக்கும், அதுக்கு மேலயும் குடுக்கலாம்.

மேடம், என் வீட்டுக்காரர் கடலுக்குப் போறவர், வீட்டுல மீனுக்குப் பஞ்சமில்ல. 7 மாசப் பாப்பாவுக்கு எந்த மீன் குடுக்கலாம், எப்படி செய்யணும்? மீன் குடுத்தா மாந்தம் வரும்னு சொல்றாங்களே? (மண்டபம்)

இந்தக் கேள்விக்காகவே இன்னைக்கு எழுத உட்கார்ந்தேன். காசு குடுத்து டப்பா வாங்குற நம்ம சனம் வாசல்ல வந்து இறங்குற மீன பிள்ளைக்கு 1 வயசு வரைக்கும் குடுக்காம வச்சிருக்குறது எனக்கு உண்மையிலேயே மனசு கஷ்டமா இருக்கும். 6 மாசத்துக்கு மேல முட்டை, மீன், கறி இதுல ஏதாவது ஒண்ணு தினமும் இருக்கணும்னுதான் உலக சுகாதார நிறுவனம் 2023 வழிகாட்டுதல்ல சொல்லியிருக்கு. மாந்தம்னு நம்ம சொல்றது பெரும்பாலும் மீனால இல்ல, பழைய மீனாலயும் கழுவாத கையாலயும் வர்ற வயித்துப்போக்குதான்.

விளமீன், பாறை, சங்கரா மாதிரி சதை திரண்டு இருக்குற, முள்ளு பெருசா இருக்குற மீன் எடுத்துக்கங்க. காரல், சூடை, முரல் எல்லாம் சத்துதான், ஆனா பொடி முள்ளு, அது உங்களுக்குக் குழம்புக்கு இருக்கட்டும். நெத்திலி குடுக்கலாம், அவிச்சதும் தலையோட சேர்த்து நடுமுள்ள இழுத்தா மொத்தமா வந்துரும். சுறா வேணாம், பெரிய மீன் சின்ன மீன்களத் தின்னு தின்னு அதோட உடம்புல பாதரசம் சேர்ந்துகிட்டே போகும், வளர்ற மூளைக்கு அது ஆகாது. பிள்ளை பெத்தவளுக்கு பால் சுரக்கும்னு பால்சுறா புட்டு செஞ்சு குடுப்பாங்கல்ல, அதையும் என்னைக்காவதுன்னு வச்சுக்கங்க, அதுக்குப் பதிலா காரல் மீன் சொதி நல்லது. கருவாடு 1 வயசுக்குள்ள வேண்டவே வேணாம், உப்புலயே ஊறுனது.

செய்முறை சொல்றேன். தோலும் நடுமுள்ளும் நீக்குன சதையில துளி மஞ்சத்தூள் தடவி வாழை இலையில மடிச்சு இட்லி பானையில 10 நிமிஷம் அவிங்க. ஆறுனதும் எவர்சில்வர் தட்டுல வேணாம், அடர் கலர் தட்டு ஒண்ணுல போட்டு வெளிச்சத்துல உட்கார்ந்து உதிருங்க, வெள்ளைத் தட்டுலயும் மினுங்குற தட்டுலயும் முள்ளு கண்ணுக்குத் தெரியாது. ஒரு தடவ உதிர்த்துட்டு இன்னொரு தடவ விரல் நுனியால தேய்ச்சுப் பாருங்க, கண்ணுக்குத் தப்புனது விரலுக்குத் தட்டும். அப்புறம் 2 ஸ்பூன் மீனுக்கு 3 ஸ்பூன் மசிச்ச சக்கரவள்ளிக்கிழங்கோ உருளைக்கிழங்கோ சேர்த்து விரல் மாதிரி உருட்டி, தோசைக்கல்லுல துளி எண்ணெய் விட்டு மெதுவா புரட்டி எடுத்தா முடிஞ்சது. உருட்டுறது உதிர்ந்தா ஒரு ஸ்பூன் அரிசி மாவு போட்டுக்கங்க. வறுத்த மீன் மாதிரி மொறுமொறுப்பு வேணாம், மேல் தோல் கட்டியாயிரும்.

முதல் நாள் ஒரு ஸ்பூன்தான், காலையிலயோ மத்தியானமோ குடுங்க, ராத்திரி வேணாம், ஒத்துக்கலன்னா ஆஸ்பத்திரிக்குப் போக வசதியா இருக்கும். இறாலும் நண்டும் இதே மாதிரி தனித்தனி நாள்ல, நல்லா பொடிசா நறுக்கி. உடம்புல தடிப்பு, உதடு வீக்கம், விடாம வாந்தி, மூச்சு இழுக்குறது இதுல எது வந்தாலும் உடனே கிளம்பிருங்க.

ஏப்ரல் 15 லருந்து ஜூன் 14 வரைக்கும் 61 நாள் விசைப்படகு மீன்பிடித் தடைக்காலத்துல என்ன செய்யன்னு தங்கச்சிமடத்துல இருந்தும் ஒருத்தங்க கேட்டிருக்காங்க. நாட்டுப்படகுல வர்றது கெடச்சா வாங்குங்க, ஐஸ்ல பல நாள் கெடந்து கண்ணு குழிஞ்ச மீன பிள்ளைக்கு வாங்காதீங்க. அந்த ரெண்டு மாசம் முட்டைய வச்சு ஓட்டுங்க. நல்லா வேக வச்ச ஆம்லெட்ட பட்டை பட்டையா நறுக்கிக் குடுத்தா பிள்ளை கைக்கு அவ்வளவு தோதா இருக்கும்.

பேத்திக்கு 8 மாசம். பேரீச்சம்பழத்துல தேன் தடவி கையில குடுக்குறேன், நல்லா சப்புறா. மருமக வேணாங்குறா. நாங்க பொறந்த அன்னைக்கே நாக்குல தேன் வச்சு வளத்தவங்கதானே? (கீழக்கரை)

உம்மா, இந்த ஒரு விஷயத்துல மருமக சொல்றதக் கேளுங்க. தேன் எவ்வளவு சுத்தமா இருந்தாலும் அதுல போட்டுலிசம்னு ஒரு நோயக் குடுக்குற கிருமியோட வித்து இருக்கலாம். நம்ம குடல் அத அடக்கிரும், 1 வயசுக்குள்ள இருக்குற குடலுக்கு அந்தப் பலம் இல்ல, உள்ளயே முளைச்சு விஷம் விட்டு பிள்ளை துவண்டு போயிரும், அழுகைச் சத்தம் கூட மெலிஞ்சிரும், மூச்சு வரைக்கும் பாதிக்கும். அபூர்வமா வர்றதுதான், ஆனா வந்தா தாங்காது. காய்ச்சுனாலும் அந்த வித்து சாகாது. பொறந்த பிள்ளை நாக்குல சேனை வைக்கிறதுக்கும் இதேதான். முதல் பிறந்தநாள் முடிஞ்சு குடுங்க. பேரீச்சம்பழத்த கொட்டை எடுத்து வெந்நீர்ல ஊற வச்சு, தோலு நீக்கி மசிச்சு கஞ்சியில கலந்து குடுங்க, முழுசா கையில குடுத்தா பிசுபிசுன்னு தொண்டையில ஒட்டும்.

சாப்பாடு வாயில போனதும் ஓங்கரிக்குறான், முகம் செவக்குது, பயத்துல திரும்ப கூழுக்கே போயிட்டேன். (உச்சிப்புளி)

ஓங்கரிக்குறது வேற, தொண்டை அடைக்குறது வேற. சத்தம் வந்தா, இருமுனா, முகம் செவந்தா பிள்ளை தானே சமாளிக்குதுன்னு அர்த்தம், பக்கத்துல அமைதியா இருங்க, வாய்க்குள்ள விரல விடாதீங்க, விட்டா இன்னும் உள்ள தள்ளிரும். சத்தமே இல்லாம, அழ முடியாம, இரும முடியாம, உதடு நீலமா மாறுனா அதுதான் அடைப்பு. அப்ப நம்ம ஊர்ல உச்சந்தலையில தட்டுவோம், தண்ணிய ஊத்துவோம், ரெண்டும் கூடாது. பிள்ளைய குப்புறப் போட்டு உங்க முன்னங்கையில படுக்க வச்சு, தாடையத் தாங்கிப் பிடிச்சு, தலை உடம்ப விடத் தாழ்ந்து இருக்குற மாதிரி வச்சு, ரெண்டு தோள்பட்டைக்கும் நடுவுல உள்ளங்கை அடியால 5 தட்டு. வரலன்னா மல்லாக்கத் திருப்பி நெஞ்சு நடுவுல, மார்க்காம்புக்குக் கொஞ்சம் கீழ, ரெண்டு விரலால 5 அமுக்கு. வெளிய வர்ற வரைக்கும் மாத்தி மாத்தி செய்யுங்க, பக்கத்துல இருக்குறவங்க 108க்கு போன் போடட்டும். இத வீட்டுல எல்லாருக்கும், முக்கியமா பிள்ளையப் பாத்துக்குற அப்பத்தாவுக்கு, இன்னைக்கே ஒரு பொம்மைய வச்சு செஞ்சு காட்டுங்க.

குடுக்கவே கூடாதது: முழுக் கடலை, பொரிகடலை, பாப்கார்ன், முழு திராட்சை, பச்சைக் கேரட், முறுக்கு. நம்ம பக்கத்துக்குன்னு ரெண்டு சேத்துக்கங்க. நுங்கு வழுக்கிக்கிட்டு முழுசா தொண்டைக்குள்ள போயிரும், மசிச்சு ஸ்பூன்ல குடுத்தா மட்டும் சரி. பனங்கிழங்குல நார் இருக்கு, எவ்வளவு அவிச்சாலும் அந்த நாரு கரையாது. படுத்துக்கிட்டோ, தொட்டில்லயோ, பைக்ல முன்னாடி உட்கார்ந்துகிட்டோ சாப்பிட வைக்காதீங்க.

உப்பு இல்லாம எப்படிக்கா சாப்பிடும்? வெள்ளைச் சீனிக்குப் பதிலா சாயல்குடி கருப்பட்டி போடலாமா? (ஏர்வாடி)

உப்பு ருசியே தெரியாத பிள்ளைக்கு உப்பில்லன்னு எப்படித் தெரியும், அது நமக்குத்தான் சப்புன்னு இருக்கு. 1 வயசு வரைக்கும் தனியா உப்பு போட வேண்டாம், அதோட சிறுநீரகம் இன்னும் முழுசா தயாராகல. அதோட நம்ம கரையோர ஊத்துத் தண்ணியே பல இடத்துல உப்பா இருக்கு, அதுல அவிச்சா காயிலயும் ஏறும், பிள்ளை சமையலுக்கு மட்டும் குடிக்கிற தண்ணிய காய்ச்சி வச்சுக்கங்க. தனியா சமைக்கச் சொல்லல, உங்க சாம்பார்ல, கூட்டுல பருப்பும் காயும் வெந்ததும், உப்பும் மிளகாய்த்தூளும் போடுறதுக்கு முன்னாடி ஒரு கை எடுத்து வச்சிருங்க, அவ்வளவுதான். சீரகம், பூண்டு, மல்லி இதெல்லாம் போடலாம், ருசி பழகட்டும். நம்ம முண்டு மிளகாய்க்கு 2023ல புவிசார் குறியீடு கெடச்சது எனக்கும் பெருமைதான், பிள்ளைக்கு அது பின்னால வரட்டும்.

கருப்பட்டியும் சர்க்கரைதாங்க. 2 வயசு வரைக்கும் இனிப்பு சேக்காம இருக்கப் பாருங்க, பழத்துல இருக்குற இனிப்பு போதும்.

ரத்தம் கம்மின்னு சொன்னாங்க, கேழ்வரகுதான் தினமும் குடுக்குறேன். (திருப்புல்லாணி)

கேழ்வரகுல கால்சியம் அள்ளிக்கும், 100 கிராம்ல 350 மில்லிகிராம் பக்கம், ஆனா இரும்புச்சத்துக்கு அத மட்டும் நம்பாதீங்க, அதுல இருக்குற பைட்டேட் இரும்ப உடம்புல சேர விடாம பிடிச்சுக்கும், முளை கட்டி அரைச்சா கொஞ்சம் குறையும். வயித்துல இருக்கும்போது அம்மாகிட்ட வாங்கி வச்ச இரும்பு 6 மாசத்துல தீர ஆரம்பிச்சிரும், தாய்ப்பால்ல அது கம்மி, அதனாலதான் இந்த வயசுல இவ்வளவு சொல்றோம். வாரத்துல ஒரு நாள் கோழி ஈரல் நல்லா வேக வச்சு ரெண்டு ஸ்பூன் மசிச்சுக் குடுங்க. மத்த நாள்ல முருங்கைக்கீரை அடை: பாசிப்பருப்பு 4 ஸ்பூன், பச்சரிசி 1 ஸ்பூன் ரெண்டு மணி நேரம் ஊற வச்சு, காம்பு இல்லாம உருவுன கொழுந்து இலை ஒரு கைப்பிடி சேர்த்து அரைச்சு (முழு இலை அண்ணத்துல ஒட்டிக்கும், அரைக்கணும்), மூடி போட்டு சிறு தீயில மெத்துன்னு சுட்டு பட்டையா வெட்டுங்க. கூட பழுத்த பப்பாளி ஒரு துண்டு, அதுல இருக்குற வைட்டமின் சி இரும்ப உள்ள இழுக்கும். கிராம நர்ஸ் வாரத்துக்கு 2 தடவ 1 மில்லி குடுக்கச் சொல்ற இரும்பு சிரப்ப கருப்பா மலம் போகுதுன்னு நிறுத்திறாதீங்க, அது அப்படித்தான் போகும்.

வேர்க்கடலை 3 வயசு வரைக்கும் கூடாதாமே? (பரமக்குடி)

முழுசா 5 வயசு வரைக்கும் கூடாது. அரைச்சு குடுக்கலாம், குடுக்கணும். லண்டன்ல நடந்து 2015ல வெளிவந்த ஆய்வுல, அலர்ஜி வர வாய்ப்பு அதிகமா இருந்த 600 சொச்சம் பிள்ளைகள்ல, சின்னதுலயே கடலை சாப்பிட்டவங்களுக்கு 5 வயசுல கடலை அலர்ஜி 80 சதவீதத்துக்கு மேல குறைவா இருந்துச்சு. வறுத்துத் தோல் நீக்கி நைஸா பொடிச்சு கஞ்சியில கலந்துருங்க. பிள்ளைக்கு தோல்ல கடுமையான கரப்பான் (எக்ஸிமா) இருந்தாலோ முட்டை ஒத்துக்கலன்னாலோ டாக்டரக் கேட்டுட்டு ஆரம்பிங்க.

காலையில செஞ்சத சாயங்காலம் வரைக்கும் வைக்கலாமா, கரண்ட் அடிக்கடி போகுது. (தொண்டி)

வேணாம். நம்ம வெயிலுக்கு ஒரு மணி நேரம்தான் கணக்கு, பிள்ளை வாய் வச்ச மிச்சம்னா அப்பவே கொட்டிருங்க.

அக்கா, நான் போட்ல போயிட்டு ரெண்டு நாளைக்கு ஒரு தடவதான் வீட்டுக்கு வர்றேன். நான் குடுத்தா மகள் எல்லாத்தையும் கீழ போட்டு சிரிக்கிறா, அம்மா குடுத்தா கொஞ்சம் சாப்பிடுறா. நான் ஏதும் தப்பு பண்றேனா? (ராமேஸ்வரம்)

இல்ல தம்பி. கீழ போட்டா என்ன ஆகுதுன்னு பாக்குறா, அதையும் அப்பாகிட்டதான் செஞ்சு பாக்குறா. ஒரு சாப்பாடு பிடிக்க 8, 10 தடவ கூட ஆகலாம், அதனால மொத்தமா தட்டு நிறைய வைக்காம ஒரு நேரத்துல ரெண்டே துண்டு வைங்க, நீங்களும் அதையே எதிர்ல உட்கார்ந்து தின்னு காட்டுங்க, போன காட்டி ஊட்டாதீங்க, வாயத் திருப்பிக்கிட்டா போதும்னு எடுத்துருங்க. கீழ ஒரு பழைய வேட்டிய விரிச்சுப் போட்டு உட்கார வைங்க, குளிப்பாட்டுறதுக்கு முன்னாடி நேரமா பாத்து வச்சுக்கிட்டா தலையெல்லாம் பரங்கிக்காயா இருந்தாலும் யாரும் திட்ட மாட்டாங்க.