ராபன் தீவுக் கைதி சுரங்க முதலாளி ஆன கதை: டோக்கியோ செஹ்வாலே பற்றிய உங்கள் கேள்விகள்

தென்னாப்பிரிக்க அரசியலை நெடுநாளாகப் படித்து வருகிறேன். போன வாரம், "சிறை சென்ற போராளி, மாகாண முதல்வர், பிறகு சுரங்க முதலாளி" என்று டோக்கியோ செஹ்வாலேயைப் பற்றி ஒரே வரி எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு வந்த கேள்விகள் இவை.

அண்ணா, ஆப்பிரிக்கருக்கு 'டோக்கியோ' என்று எப்படிப் பெயர் வந்தது?

கராத்தேயால் வந்த பட்டப்பெயர் தம்பி. இயற்பெயர் மொசிமா கேப்ரியல். 1953இல், ஜோகன்னஸ்பர்க்கை ஒட்டிய கறுப்பினக் குடியிருப்பான சொவெட்டோவில் பிறந்தவர்.

எதற்காகச் சிறைக்குப் போனார்? ஆயுதம் எடுத்தவரா?

எடுத்தவர்தான். வெள்ளையர் ஆட்சியை எதிர்த்துப் போராடிய ஆப்பிரிக்கத் தேசிய காங்கிரஸ் கட்சியின் ஆயுதப் பிரிவில் சேர்ந்து, 1975இல் நாட்டைவிட்டு வெளியேறி, சோவியத் ஒன்றியத்தில் பயிற்சி எடுத்துக்கொண்டு 1976இல் திரும்பினார். அந்த ஆண்டு ஜூன் 16 அன்றுதான், ஆண்ட வெள்ளையரின் ஆப்பிரிக்கான்ஸ் மொழித் திணிப்பை எதிர்த்து ஊர்வலம் போன பள்ளிப் பிள்ளைகள்மீது போலீஸ் சுட்டது. அது நடந்த, சொவெட்டோவின் ஒர்லாண்டோ வெஸ்ட், அவர் படித்து வளர்ந்த பகுதி. அவரும் இன்னும் 11 பேரும் பிடிபட்டார்கள். 1978இல் 18 ஆண்டு தண்டனை விதித்து ராபன் தீவுச் சிறைக்கு அனுப்பினார்கள். 1990 ஜூனில்தான் வெளியே வந்தார்.

கிறிஸ் ஹானி கொலையானபோது அழுதவர் இவர்தானா ஐயா?

இவரேதான். 1993 ஏப்ரல் 10. கம்யூனிஸ்ட் கட்சித் தலைவரான ஹானி, சொந்த வீட்டு வாசலில் வெள்ளை இனவெறியன் ஒருவனால் சுடப்பட்டார். அதே பகுதியில் குடியிருந்த செஹ்வாலே ஓடி வந்தார். கேமராக்கள் முன்னால் அவர் அழுததை நாடே பார்த்தது. எல்லா இனத்தவரும் வாக்களிக்கும் முதல் தேர்தலுக்கு இன்னும் ஓராண்டு இருந்தது. உள்நாட்டுப் போர் மூண்டுவிடுமோ என்று எல்லோரும் நடுங்கிய நாள் அது. மறு ஆண்டு தேர்தலுக்குப் பின், ஜோகன்னஸ்பர்க் அடங்கிய கௌடெங் மாகாணத்தின் முதல் முதல்வரானார்.

1998இல் பதவியை விட்டு வியாபாரத்துக்குப் போனாரே, முதல் எங்கிருந்து வந்தது? சிறையில் இருந்தவரிடம் ஏது பணம்?

சரியான கேள்வி. அவரிடம் பெரிய பணம் கிடையாது. பணம் இல்லாமலே முதலாளி ஆகும் வழியை அன்றைய கொள்கை திறந்துவிட்டது.

1994இல் கறுப்பினத்தவருக்கு வாக்குரிமை கிடைத்தது. ஆனால் சுரங்கமும் வங்கியும் வெள்ளையர் கையிலேயே இருந்தன. இதைச் சரிசெய்ய வந்ததுதான் கறுப்பினப் பொருளாதார மேம்பாட்டுக் கொள்கை. ஒரு கம்பெனி தன் பங்குகளில் ஒரு பகுதியைக் கறுப்பினக் குழு ஒன்றுக்குப் பெரும்பாலும் சந்தை விலைக்கும் குறைவாக விற்கும். வாங்கக் கடன் கிடைக்கும். வாங்கிய பங்குகளே அதற்கு ஈடு. வருகிற டிவிடெண்டில் கடனை அடைத்துக்கொண்டே போக வேண்டும். பங்கு விலை ஏறினால் கடன்போக மிஞ்சுவது இவர்களுக்கு. இறங்கினால் எல்லாம் கடன் கொடுத்தவருக்கே போய்விடும். 1998 சந்தைச் சரிவில் அப்படிக் கவிழ்ந்த குழுக்கள் பல.

செஹ்வாலேயின் கம்பெனி ம்வெலபாண்டா. வேண்டா மொழியில் 'முன்னேற்றம்'. வைரம், பிளாட்டினம் என்று வளர்ந்தது. பத்தாண்டுக்குள் சுரங்கங்களில் 26 சதவீதம் ஒடுக்கப்பட்டோர் கைக்கு வர வேண்டும் என்று 2002இல் சுரங்கச் சாசனம் வந்ததும், இப்படிப்பட்டவர்களைத் தேடி முதலாளிகளே வந்தார்கள். 2004இல் அவர் தலைமையிலான குழு அப்சா வங்கியில் 10 சதவீதம் வாங்கியது.

அவருடைய உண்மையான முதல், பெயரும் தொடர்பும்தான். என் மனம் ஆறாத இடமும் இதுதான். பாதாளத்தில் பாறை உடைத்தவனுக்கு அந்தப் பெயர் இல்லையே! அவனை எந்தக் கம்பெனியும் பங்குதாரனாக அழைக்கவில்லை. இந்தக் குறை ஊரெல்லாம் பேசப்பட்ட பிறகுதான், பலன் பரவலாகச் சேர வேண்டும் என்று 2003இல் தனிச்சட்டமே போட்டார்கள்.

அமைச்சரானபோது குடிசையில் தங்கினாராமே? விளம்பரம்தானே?

2009இல் வீட்டுவசதித் துறை அமைச்சரானதும் டீப்ஸ்லூட் குடிசைப் பகுதியில் ஓர் இரவு தங்கினார். ஒரு ராத்திரியில் வறுமை புரிந்துவிடாதுதான். ஆனால் வெறும் விளம்பரம் என்று என்னால் தள்ள முடியவில்லை அக்கா. 13 ஆண்டு சிறைத்தரையில் படுத்தவர் அவர். நான்கே ஆண்டில், 2013 ஜூலையில், அன்றைய அதிபர் ஜேக்கப் ஜூமா அவரை நீக்கிவிட்டார்.

ஃபிஃபா தலைவர் தேர்தலில் நின்றவரும் இவர்தானா?

ஆமாம். 2016 பிப்ரவரியில். வாக்கெடுப்பு அன்றே, மேடையில் பேசி முடித்துவிட்டு விலகிக்கொண்டார்.

ராமபோசாவும் இதே வழியில் பணக்காரர் ஆனவர்தானே?

ஆமாம். இன்னும் சொல்லப்போனால், 2018இல் அதிபரான ராமபோசா, சுரங்கத் தொழிலாளர் சங்கத்தைக் கட்டி வளர்த்தவர். பிறகு லோன்மின் பிளாட்டினம் கம்பெனியில் இயக்குநராக உட்கார்ந்தார். 2012 ஆகஸ்டில் மரிக்கானாவில், அந்தக் கம்பெனியில் வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்கள்மீது போலீஸ் சுட்டு ஒரே நாளில் 34 பேர் செத்தார்கள். சாவுகளுக்கு அவர் பொறுப்பு என்று விசாரணை ஆணையம் சொல்லவில்லை. ஆனாலும் அந்தக் கெட்ட பெயர் அவரை விட்டுப் போகவில்லை. அந்த ஆண்டு டிசம்பரில் ஆப்பிரிக்கத் தேசிய காங்கிரஸின் துணைத்தலைவர் பதவிக்கு அவரும் செஹ்வாலேயும் போட்டியிட்டார்கள். ராமபோசா பெருவாரியாக ஜெயித்தார்.